பக்கத்து வீட்டுப் பாத்திரம்

நண்டோடையில் கடலின் விலாசம், கிழக்குத் தெரு, கதவு எண் ஒன்று. குடும்ப அட்டை இருக்கிறது. சர்க்கரை அட்டை. அரிசி வாங்குவதில்லை, உப்பு வீட்டிலேயே இருக்கிறது. மாதம் பிறந்தால் முதல் வெள்ளிக்கிழமை ரேஷன் கடை வரைக்கும் வந்து, வரிசையில் நின்று, சர்க்கரையை வாங்கிக்கொண்டு போகும். அன்றைக்கு அதற்குப் பின்னால் நிற்கிறவர்கள் வேட்டியை முழங்காலுக்கு மேலே ஏற்றிக் கட்டிக்கொள்வார்கள். மற்றபடி கடலைப் பற்றி ஊரில் ஒரு குறையும் கிடையாது.

கதவு எண் இரண்டு வெறும் மனையாகக் கிடந்தது. அதை ஊராட்சி சொர்ணக்கிளிக்கு ஒதுக்கியது.

சொர்ணக்கிளிக்கு நாற்பத்தெட்டு வயது. அக்கம் பக்கம் என்று சொல்லிக்கொள்ள ஓர் உறவு இல்லை. மேற்கே ஓர் ஊரில் மாணவியர் விடுதியில் இருபத்தாறு வருடம் சமையல் வேலை பார்த்தாள். நூற்றெண்பது பிள்ளைகள். படுக்கை சாமான் அறையில், புளி மூட்டைக்கும் வற்றல் மூட்டைக்கும் நடுவில். சாமான் அறைக்குத் தாழ்ப்பாள் வெளிப்பக்கம்தான் இருக்கும். உள்ளேயிருந்து கதவைச் சாத்திக்கொள்ள வேண்டும் என்று புளிக்கு ஆசை வராது, பாருங்கள். ராத்திரி ஒன்பதுக்கு வார்டன் வெளியே தாழ்ப்பாள் போடுவார், விடிகாலை நாலரைக்குத் திறப்பார். யார் மேலும் குற்றமில்லை, சாமான் அறை என்றால் அப்படித்தான். ஆனாலும் பதினோராவது வருடம் சொர்ணக்கிளி சந்தைக்குப் போனபோது ஒரு பித்தளைத் தாழ்ப்பாள் வாங்கினாள். உள்பக்கம் அடிக்கிற தாழ்ப்பாள். பழைய துணியில் சுற்றித் தலைமாட்டில் வைத்துக்கொண்டாள். அதை அடிக்கக் கதவு இல்லை, கதவை மாட்ட வீடு இல்லை.

விடுதியை மூடினார்கள். தாழ்ப்பாளை எடுத்துக்கொண்டு, அதைச் சுற்றி ஒரு வீடு கட்டுவதற்காக, சொர்ணக்கிளி நண்டோடைக்குப் பஸ் ஏறினாள். வருகிற வழியில் ஒரு மாதத்துக்கு வேண்டிய சாமான் வாங்கினாள். தன் ஒருத்திக்குத்தான் என்று மனசு சொன்னது, கை கேட்கவில்லை. ஆறு மூட்டை ஆயிற்று. மூட்டைகள் பஸ்ஸின் மேலே வந்தன.

ஊராட்சி எழுத்தர் நாகூர்கனி அவளுக்கு விதிகளை வாசித்துக் காட்டினார். அவருக்கு அலுவலகத் தமிழைத் தவிர வேறு தமிழ் வாயில் வராது. ஆட்டை விரட்டும்போதுகூட, "மேற்படி ஆடு மேற்படி கோப்பினை மென்றதாகத் தெரியவருகிறது, உடனடியாக வெளியேறவும்" என்றுதான் விரட்டுவார். ஆடும் உடனடியாக வெளியேறும்.

"புரட்டாசி முப்பது மாலை ஆறு மணிக்குள் மேற்படி மனையில் கூரை இருக்க வேண்டும், கதவு இருக்க வேண்டும், விளக்கு எரிய வேண்டும். அண்டை வீட்டார் ஆட்சேபணை இல்லையென்று ஒப்பமிட்டிருக்க வேண்டும். தவறும் பட்சத்தில் மனை அடுத்த விண்ணப்பதாரரைச் சேரும்."

"அடுத்தது யாருங்க?"

நாகூர்கனி தாளைப் புரட்டினார். "ஒரு புயல். ஒன்பது வருடமாக விண்ணப்பித்து வருகிறது. பெயர் என்ற இடத்தில் கோடு போட்டிருக்கிறது. இன்னும் வைக்கவில்லையாம்."

"பாவம்" என்றாள் சொர்ணக்கிளி. பாவம்தான். ஆனால் மனையை விட்டுக்கொடுக்கிற அளவுக்குப் பாவமில்லை.

வடக்கிலும் தெற்கிலும் மணல். மணலுக்கு எந்தக் காலத்திலும் ஆட்சேபணை இருந்ததில்லை. மேற்கே கதவு எண் மூன்று, செலினா. வலை பின்னுகிறவள். அவள் ஊசி ஒரு முடிச்சுப் போடுவதற்குள் வாய் நாலு முடிச்சுப் போட்டுவிடும். "காலங்காத்தால பாத்திரத்த லொட்டு லொட்டுன்னு உருட்டக் கூடாது. உருட்டினா ஏன்னு கேப்பேன். மத்தபடி எனக்கு ஒண்ணுமில்ல" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டாள். பாக்கி, கிழக்கு.

முதல் நாள் சொர்ணக்கிளி நாலு சவுக்குக் கம்பு நட்டாள். அன்று மதியமே கடல் படியேறி வந்தது. புதிதாகக் குடிவருகிறவர்களுக்குக் கொடுக்கிற மாதிரி, நீலக் கரை போட்ட வெள்ளைப் பேசின் ஒன்றில் நிறைய மட்டிச் சிப்பியும், அதன்மேல் இரண்டு சங்கரா மீனும் வைத்து, பாசி போட்டு மூடி, கம்புக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுப் போயிற்று. சொர்ணக்கிளி மீனைக் குழம்பு வைத்தாள், மட்டியை வதக்கினாள். அவளுக்கென்று ஒருவர் சாப்பாடு கொண்டுவந்து வைத்தது அதுதான் முதல் தடவை. வயிறாரச் சாப்பிட்டாள்.

பிறகு பேசினைச் சாம்பல் போட்டுத் தேங்காய் நாரால் தேய்த்தாள். முகம் தெரிகிற வரைக்கும் தேய்த்தாள். விடுதியில் பாத்திரம் ஒப்படைக்கிற முறை அது. வார்டன் விரலால் தடவிப் பார்ப்பார், ஒரு பருக்கை ஒட்டியிருந்தாலும் அன்றைக்கு முழுக்கப் பேச்சு வாங்க வேண்டும். துடைத்து, காயவைத்து, அலை வந்து தொடுகிற இடத்தில் பேசினைக் கவிழ்த்து வைத்தாள். மனசுக்குத் திருப்தியாக இருந்தது.

சாயங்காலம் கடல் வந்தது. பேசினை எடுத்து நிமிர்த்திப் பார்த்தது. உள்ளே பார்த்தது. மறுபடியும் கவிழ்த்து, அடியில் ஏதாவது ஒட்டியிருக்கிறதா என்று பார்த்தது. பேசினை இடுப்பில் இடுக்கிக்கொண்டு போய்விட்டது. கொஞ்ச நேரத்தில் வெறுங்கையோடு திரும்பி வந்து, நாலு கம்பையும் பிடுங்கி, உயரவாரியாக செலினா வீட்டு வேலியோரம் அடுக்கி வைத்து, குழிகளை மூடி, மணலைச் சமப்படுத்திவிட்டுப் போயிற்று.

மறுநாள் சொர்ணக்கிளி முழங்கை ஆழத்துக்குத் தோண்டி நட்டாள். சாயங்காலம் கடல் பிடுங்கி அடுக்கியது. அதற்கு மறுநாள் இடுப்பளவு தோண்டிக் கல் போட்டு இறுக்கினாள். கடல் கல்லைத் தனியாகவும் கம்பைத் தனியாகவும் அடுக்கியது. குறுக்குச் சட்டம் வைத்துக் கயிற்றால் வரிந்து கட்டினாள். கடல் ஒரு கயிற்றைக்கூட அறுக்கவில்லை. முடிச்சு முடிச்சாக அவிழ்த்து, சுருட்டி, கம்புகளின் மேல் வைத்திருந்தது. கோபத்திலும் ஒரு ஒழுங்கு.

இப்படியே மூன்று வாரம் போனது. பகலில் அவள் கட்டினாள், பொழுது சாய அது பிரித்தது. படுக்கை மட்டும் செலினாவின் வலைக்கொட்டகையில். கொட்டகைக்குக் கதவே கிடையாது என்பதால் தாழ்ப்பாள் மறுபடியும் தலைமாட்டுக்கே போயிற்று.

கம்பு நடுவதற்கு முன்னால் காலை உப்புமா உண்டு. பழகிய கை, நூற்றெண்பது பேருக்குத்தான் ரவை அள்ளும். பாதியாக அள்ளலாம் என்று ஒருநாள் கண்ணை மூடிக்கொண்டு அள்ளினாள், இருநூறு பேருக்கு ஆகிவிட்டது. வாளியைத் தூக்கிக்கொண்டு தெருத்தெருவாகக் கொடுப்பாள். முதல் வாரம் ஊர் ருசித்துச் சாப்பிட்டது. இரண்டாவது வாரம் சாப்பிட்டது. மூன்றாவது வாரம் வாளிச் சத்தம் கேட்டதும் ஜன்னல்களைச் சாத்திக்கொண்டது. "மேற்படி உப்புமா தொடர்பாக அலுவலகத்தில் இனி இடமில்லை" என்றார் நாகூர்கனி.

"ஏட்டி, உனக்கு இருக்கது ஒரு வயிறா, நூத்தியெம்பது வயிறா?" என்றாள் செலினா.

"கை பழகிப்போச்சு, என்ன செய்ய."

"அந்தக் கைக்கு ஏத்த வயிறு இந்த ஊர்லயே கெடையாது. வேற ஊர் பாரு."

புரட்டாசி இருபத்தொன்பதாம் தேதி புயல் மனை பார்க்க வந்தது. கையில் டேப் இருந்தது. நீளம் பார்த்தது, அகலம் பார்த்தது, எதையும் தொடவில்லை. நல்ல மாதிரி. ஆனால் அது கும்பிட்டபோது நாகூர்கனியின் துண்டு பறந்துபோய்ப் பனைமரத்தில் மாட்டிக்கொண்டது. செலினா ஒரு செம்பில் தண்ணீர் கொடுத்தாள். அது தண்ணீரை மூன்று சுற்று சுற்றிவிட்டுக் குடித்தது.

"உக்காருங்க" என்றாள் சொர்ணக்கிளி.

"இல்லைங்க, எனக்கு உக்கார வராது" என்றது புயல். "சுத்திக்கிட்டேதான் நிப்பேன். நீங்க உங்க வேலையப் பாருங்க, எனக்கொண்ணும் அவசரமில்ல. நாளைக்கு ஆறு மணிக்கு வர்றேன்."

டேப்பைச் சுருட்டிக்கொண்டு தோப்புப் பக்கம் போயிற்று. சவுக்குகள் குனிந்து வழிவிட்டன.

அன்று சாயங்காலமும் கடல் வந்து கம்புகளை அடுக்கிவிட்டுப் போனது. சொர்ணக்கிளி மணலில் உட்கார்ந்து மடியில் தாழ்ப்பாளை வைத்துக்கொண்டு அதன் கொண்டியை இப்படியும் அப்படியும் தள்ளிக்கொண்டிருந்தாள். பதினைந்து வருடமாகத் திறந்து மூடி, ஒரு கதவையும் அது பார்த்ததில்லை.

"அப்படி என்னதான் பண்ணித் தொலைச்ச அதுக்கு?" என்றாள் செலினா, ஊசியை நிறுத்தாமல். "எங்க கிட்டல்லாம் நல்லாத்தான பழகுது."

"நான் ஒண்ணும் பண்ணலையே. முத நாளு மட்டி குடுத்துச்சு, தின்னேன். பேசினத் தேச்சுக் கழுவித் திருப்பிக் குடுத்தேன்."

"என்ன போட்டுக் குடுத்த?"

"கழுவின பேசினுக்குள்ள என்னத்தப் போட?"

ஊசி நின்றது. "வெறும் பேசினா?"

"பளபளன்னு குடுத்தேன் செலினா."

"அடிப் பாதகத்தி! வேண்டாதவ வீட்டுப் பாத்திரத்தக்கூட வெறுசாத் திருப்பிக் குடுக்க மாட்டோம்டி. ஒண்ணுமில்லாட்டி ரெண்டு கறிவேப்பிலையாச்சும் கிள்ளிப் போடுவோம். வெறும் பாத்திரம் குடுத்தா, உனக்கும் எனக்கும் ஒண்ணுமில்லன்னு அர்த்தம். இருவத்தாறு வருசம் அடுப்படியில கெடந்து இதுகூடத் தெரியாதா?"

விடுதியில் பாத்திரம் யார் வீட்டுக்கும் போய் வந்ததில்லை. சொர்ணக்கிளி ஒன்றையும் மறைக்கவில்லை. "கவுத்து வேற வச்சேன்" என்றாள்.

செலினா நெற்றியிலும் நெஞ்சிலும் சிலுவை போட்டுக்கொண்டாள்.

"இப்ப என்னத்தப் போட?" என்றாள் சொர்ணக்கிளி. "மீன் அதுகிட்ட இருக்கு. உப்பு அதுகிட்ட இருக்கு."

"சர்க்கரை அட்டைட்டி அது. இனிப்புன்னா உசுரு. மாசம் ஒரு கிலோ சீனிய வச்சிக்கிட்டு அம்புட்டு பெரிய ஒடம்பு என்ன செய்யும்?"

சொர்ணக்கிளி எழுந்து சேலையில் ஒட்டிய மணலைத் தட்டினாள். "கோயில் அண்டா கெடைக்குமா?"

முப்பதாம் தேதி விடிந்ததும் மாதா கோயில் அண்டா கரைக்கு வந்து சேர்ந்தது. அதை உருட்டிக்கொண்டு வந்த சத்தத்துக்கு செலினா ஏன் என்று கேட்கவில்லை, அவளும் ஒரு பக்கம் பிடித்திருந்தாள். சொர்ணக்கிளி கல் கூட்டி அடுப்பு மூட்டினாள். பச்சரிசி, பாசிப்பருப்பு, வெல்லம் என்று மூட்டைகளை அவிழ்த்தாள். மனசு எதுவும் சொல்லவில்லை. கை அதன் போக்கில் அள்ளியது. வெல்லப்பாகு நூல் பதத்துக்கு வந்து, ஏலக்காயைத் தட்டிப் போட்டு, நெய்யில் முந்திரி சிவந்ததும், மணம் கிழக்கே போயிற்று.

அது நீர் வற்றி உள்வாங்குகிற வேளை. கடல் வீட்டுக்குள் தூரத்தில் வேறு வேலையாக இருக்கும். அன்றைக்கு வேலையைப் போட்டுவிட்டு வந்தது. இடுப்பில் பேசின்.

சொர்ணக்கிளி பேசினைக் கைநீட்டி வாங்கினாள். சர்க்கரைப் பொங்கலைத் தலைதட்டி வைத்து, மேலே ஒரு கரண்டி நெய் விட்டு, வாழையிலையால் மூடிக் கொடுத்தாள். "அன்னைக்கித் தெரியாமப் பண்ணிட்டேன்" என்றாள். "நான் பெரிய எடத்துல சமைச்சவ. அங்க அப்படித்தான்."

கடல் உள்ளே போயிற்று. கொஞ்ச நேரத்தில் பேசின் திரும்பி வந்தது. கடலும் முறை தெரிந்ததுதான், வெறும் பேசினைத் திருப்பிக் கொடுக்காது. பேசினுக்குள் ஒரு கை ஆணிகள் இருந்தன, கப்பலில் அடிக்கிற செம்பு ஆணிகள்.

வந்த பேசினை வெறுமையாகத் திருப்பித் தரலாமா? சொர்ணக்கிளி மறுபடியும் பொங்கல் வைத்தாள். கடல் சாப்பிட்டுவிட்டு மறுபடியும் ஒன்று வைத்துக் கொடுத்தது. பேசினுக்குள் அடங்காததைக் கீழே வைத்து அதன்மேல் பேசினை வைத்துத் தந்தது. பலகைகள் வந்தன, ஒவ்வொன்றின் மேலும் பேசின். வட்டமான கண்ணாடி ஜன்னல் ஒன்று வந்தது. கூரைக்கு ஒரு கப்பலின் பாய் வந்தது, நன்றாகத் துவைத்து மடித்தது. நடுவில் ஒருமுறை, கொடுக்க ஒன்றும் கைக்கு அகப்படாமல், கடல் வெறும் ஒன்பது சோழிகளை வைத்து, கூச்சப்பட்டுக்கொண்டே தந்தது. "அதனால என்ன" என்று அவள் அதற்கும் ஒரு பேசின் நிறைய வைத்தாள்.

கம்புகளைக் கடலே எடுத்து வந்தது. அடுக்கி வைத்தது அதுதானே, எது எந்த மூலைக்கு என்று அதற்குத்தான் தெரியும். அவள் நட்டாள், செலினா வரிந்து கட்டினாள், கடல் ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தது. தென்கிழக்கு மூலைக் கம்பு சற்றுச் சாய்ந்திருந்தது. அதை நிமிர்த்திவிட்டு, ஒற்றைக் கண்ணால் பார்ப்பதுபோல் தள்ளி நின்று பார்த்துவிட்டுப் போனது.

நாலரைக்கு, அண்டாவின் அடி தெரியத் தொடங்கியபோது, கதவு வந்தது. பச்சை வண்ணம் அடித்த, கனமான, ஏதோ தூரதேசத்துக் கதவு. மேலே பேசின், பேசினுக்குள் இரண்டு கீல். கதவின் வெளிப்பக்கம் தாழ்ப்பாள் இருந்த இடத்தில் நாலு ஓட்டைகள் மட்டும் இருந்தன. தாழ்ப்பாளைக் கடல் கழற்றித் தன்னிடமே வைத்துக்கொண்டுவிட்டது.

சொர்ணக்கிளி கதவின் உள்பக்கத்தைக் கையால் தடவிப் பார்த்தாள். அங்கே ஓர் ஓட்டையும் இல்லை. துணிச் சுற்றைப் பிரித்தாள்.

ஐந்தே முக்காலுக்கு நாகூர்கனி கோப்போடு வந்தார். கூரை இருந்தது, ஒரு கோடு போட்டார். கதவு இருந்தது, ஒரு கோடு போட்டார். கிழக்கு அண்டை வீட்டார் பகுதியை மணலில் விரித்து வைத்தார். கடல் வந்து தாளின் மேல் ஏறி இறங்கியது. வளைவாக ஒரு வெள்ளைக் கோடு படிந்தது. "ஒப்பம் சரியாக உள்ளது" என்று ஊதி உலர்த்தினார்.

"விளக்கு?"

செலினா அகல் கொண்டுவந்திருந்தாள். சொர்ணக்கிளி தீக்குச்சியைக் கிழித்தாள், அணைந்தது. இன்னொன்று கிழித்தாள், அணைந்தது. புயல் சொன்ன நேரத்துக்கு வந்து, மனையின் எல்லையில் டேப்போடு சுற்றிக்கொண்டு நின்றது.

"ஐந்து ஐம்பத்தாறு" என்றார் நாகூர்கனி. "மூன்றாவது குச்சியும் அணைந்ததாகத் தெரியவருகிறது."

"யோவ், வாய மூடுமய்யா" என்றாள் செலினா.

பெட்டியில் இரண்டு குச்சி இருந்தது. சொர்ணக்கிளி புயலைப் பார்த்தாள். புயலும் அவளையும் கதவையும், கதவில் புதிதாய் அடித்த பித்தளையையும் பார்த்தது. ஒன்பது வருட விண்ணப்பம். பிறகு அது டேப்பைக் கீழே வைத்துவிட்டு, மூச்சை உள்ளே இழுத்துப் பிடித்துக்கொண்டது. முகமெல்லாம் கறுத்து வீங்கிற்று. நண்டோடையில் ஓர் இலை அசையவில்லை. குச்சி எரிந்தது. திரி பற்றிக்கொண்டது. சுடர் நெட்டுக்குத்தாக நின்றது.

"ஆறு மணி" என்று நாகூர்கனி முத்திரை குத்தினார். "மேற்படி மனை மேற்படி சொர்ணக்கிளிக்கே."

செலினா விளக்கைச் சட்டென்று வீட்டுக்குள் கொண்டுபோனாள். அதற்குப் பிறகுதான் புயல் மூச்சை விட்டது. கோப்பு பக்கத்து ஊராட்சியில் போய் விழுந்தது. நாகூர்கனி அதை எடுத்துவர நடந்தார்.

"சாப்பிட்டீங்களா?" என்று சொர்ணக்கிளி புயலைக் கேட்டாள்.

"இல்லைங்க."

அண்டாவின் அடியில் நெய்யோடு காந்தியிருந்ததைச் சுரண்டி ஓர் இலையில் வைத்துக் கொடுத்தாள். காந்தலுக்குத்தான் ருசி அதிகம். அது இலையைச் சுற்றிச் சுற்றிச் சாப்பிட்டது. செலினா தன் வீட்டுக்குப் போனாள்.

சொர்ணக்கிளி உள்ளே போய்க் கதவைச் சாத்தினாள். கொண்டியைத் தள்ளினாள். கிளிக் என்றது. திறந்தாள். மறுபடியும் தள்ளினாள். சாமான் மூட்டைகளைத் தள்ளிவைத்து, நடு வீட்டில் கால் நீட்டி உட்கார்ந்தாள். புளி வாசனை லேசாக வந்தது. அதுவும் உள்ளேதான் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு இருந்தது.

கதவு தட்டுகிற சத்தம் கேட்டது.

அவள் உடனே எழுந்துவிடவில்லை. உள்ளே இருக்கிறவர்கள் கேட்கிற ஒரு கேள்வி இருக்கிறது, அதைக் கேட்க அவளுக்கு இதுவரை வாய்த்ததில்லை. தொண்டையைச் சரிசெய்துகொண்டு, "யாரு?" என்றாள்.

கதவுக்கு அடியில் கொஞ்சம் தண்ணீர் எட்டிப் பார்த்துவிட்டு, மரியாதையாகப் பின்வாங்கியது.

திறந்தாள். கடல் பேசினோடு நின்றது. பேசினுக்குள், கதவு எண் இரண்டு என்று எழுதிய ஒரு சிப்பித் தகடு. கடலுக்குப் பின்னால், கையில் ஆளுக்கொரு தட்டோடு, ஏழெட்டுத் தீவுகள் வரிசையில் நின்றன. பொங்கல் வாசனை அவ்வளவு தூரம் போயிருக்கிறது.

சொர்ணக்கிளி வரிசையை ஒரு பார்வை பார்த்தாள். மூட்டைகளைத் திரும்பிப் பார்த்தாள். அடுப்பு இன்னும் கனிந்துகொண்டிருந்தது. புயலிடம், "சும்மா நிக்கிற நேரத்துக்குக் கொஞ்சம் ஊதுங்களேன். மெதுவா" என்றாள். இடுப்பில் சேலையைச் செருகிக்கொண்டு அண்டாவில் தண்ணீர் ஊற்றினாள்.

"தட்டெல்லாம் கழுவினதுதானா?"

தீவுகள் தட்டுகளைத் திருப்பிக் காட்டின.

"தள்ளக் கூடாது. சின்னதெல்லாம் முன்னால வாங்க."

சின்னத் தீவுகள் முன்னால் வந்தன. கடைசியில் நின்ற பெரிய தீவு, தலையிலிருந்த கலங்கரை விளக்கத்தைக் கழற்றிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, ஓர் அடி நகர்ந்து நின்றது.